தச்சர் மகன் கண்ட ஈர்ப்பு

ஹாலந்து நாட்டின் லெய்டன் நகரில் 1837-ம் ஆண்டு ஒரு தச்சர் வீட்டில் பிறந்தார் வான் டெர் வால்ஸ். பத்துப் பிள்ளைகளில் மூத்தவர். பள்ளிப் படிப்பு முடிந்ததும் ஆசிரியர் வேலைக்குப் போய்விட்டார். மேலே படிக்க ஆசைதான். ஆனால் லத்தீனும் கிரேக்கமும் கற்காதவர் பட்டத் தேர்வு எழுத முடியாது என்பது அந்நாளைய விதி. என்ன விசித்திரமான விதி! விஞ்ஞானத்துக்கும் லத்தீனுக்கும் என்ன சம்பந்தம்? வேலை பார்த்தபடியே கல்லூரி வகுப்புகளில் உட்கார்ந்து பாடம் கேட்டார். பின்னர் விதி தளர்ந்தது. 1873-ல், தமது 35-ம் வயதில், டாக்டர் பட்டம் பெற்றார்.

வாயுவின் மூலக்கூறுகள் வெறும் புள்ளிகள் அல்ல, அவற்றுக்குப் பருமன் உண்டு, ஒன்றையொன்று இலேசாக இழுக்கவும் செய்கின்றன என்று தம் ஆராய்ச்சி நூலில் அவர் கணக்கிட்டுக் காட்டினார். நெருக்கி அழுத்தினால் அந்த இழுப்பு மேலோங்கி வாயு திரவமாகிறது. நம் வீட்டு காஸ் சிலிண்டரை அசைத்தால் உள்ளே தளும்புவது அப்படித் திரவமான வாயுதான்.

1881-ல் மனைவி காசநோயால் இறந்தார். நான்கு குழந்தைகள். துயரத்தில் சுமார் பத்தாண்டுகள் அவர் எந்தக் கட்டுரையும் வெளியிடவில்லை. ஆயினும் அவரது கணக்கை வழிகாட்டியாகக் கொண்டு, காமர்லிங் ஆன்னஸ் 1908-ல் அதே லெய்டனில் ஹீலியத்தைத் திரவமாக்கினார். 1910-ல் வான் டெர் வால்ஸுக்குப் பௌதிக நோபல் பரிசு கிடைத்தது. 1923-ல் ஆம்ஸ்டர்டாமில் காலமானார்.