வரி கேட்ட துரைக்குப் பதில் எழுதியவர்

சுதந்திர தினத்தன்று நம் குடியிருப்பில் கொடியேற்றி முடிந்ததும், மைக் முன் வந்து நிற்கும் பிள்ளைகளில் ஒருவராவது மீசை வரைந்த கட்டபொம்மனாக இருப்பார். ஜாக்சன் துரையை எதிர்த்து அவர் பேசும்போது பெரியவர்களின் உதடுகளும் கூடவே அசையும். அது கட்டபொம்மனே பேசியது என்று சிலர் நினைக்கிறோம். சிவாஜி வசனம் என்று பலர் சொல்கிறோம். எழுதியவர் சக்தி டி.கே. கிருஷ்ணசாமி.

அவர் நாடகக்காரர். அவருடைய சக்தி நாடக சபாவில்தான் சிவாஜி கணேசன் நடித்துக்கொண்டிருந்தார். அங்கே 'நூர்ஜஹான்' நாடகத்தில் சிவாஜியின் பெண் வேடத்தைப் பார்த்த தயாரிப்பாளர் பி.ஏ. பெருமாள், 1952-ல் வந்த 'பராசக்தி'யில் அவரை நாயகனாக்கினார்.

கட்டபொம்மன் நாடகத்துக்கு விதை விழுந்தது நமக்குப் பக்கத்தில், கயத்தாறில். 1799 அக்டோபர் 16 அன்று கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட ஊர். அந்த வழியாகப் போனபோது, அதை நாடகமாக்கும் ஆசை சிவாஜிக்கு வந்தது. கிருஷ்ணசாமி ஒரே மாதத்தில் எழுதிக் கொடுத்தார். 1957 ஆகஸ்ட் 28-ல் சேலத்தில் அரங்கேறிய நாடகம், 1959 மே மாதம் பி.ஆர். பந்துலு இயக்கத்தில் படமாக வந்தது. 1960-ல் கெய்ரோ திரைப்பட விழாவில் சிவாஜி சிறந்த நடிகர் விருது பெற்றதும் இந்தப் படத்துக்காகவே.

1798-ல் ராமநாதபுரத்தில் கட்டபொம்மன் ஜாக்சனைச் சந்தித்தது வரலாறு. நாம் மனப்பாடமாகச் சொல்லும் கேள்விகள் கிருஷ்ணசாமியின் கற்பனை. வீரத்தைச் சொல்ல அவர் வாளைத் தேடவில்லை. நாற்று நடுவது, களை எடுப்பது, மஞ்சள் அரைப்பது என்று சம்சாரி வீட்டு வேலைகளைத்தான் எடுத்தார். நாற்று நடவு குறைவான நம் கரிசலிலும் அந்தக் கோபம் எல்லோருக்கும் புரிந்தது.

அதே பேனா வேறு மாதிரியும் எழுதியது. 1964 பொங்கலுக்குப் புராணப் படமான 'கர்ணன்'. அதே ஆண்டு எம்.ஜி.ஆருக்காக மீனவர் கதையான 'படகோட்டி'. 1965 பொங்கலுக்கு இரட்டை வேடக் கலகலப்பில் 'எங்க வீட்டுப் பிள்ளை'. ஒரே ஆண்டுக்குள் சிவாஜிக்கும் எழுதினார், எம்.ஜி.ஆருக்கும் எழுதினார்.

கயத்தாறில் கட்டபொம்மனுக்கு 1970-ல் சிலை வைத்தவர் சிவாஜி. ஊருக்குப் போகும் வழியில் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். அடுத்த ஆகஸ்ட் 15-ல் நம் குட்டிக் கட்டபொம்மனை அழைக்கும்போது, வசனம் எழுதியவர் பெயரையும் மைக்கில் சொல்லிவிடுவோம்.