செப்பீல்டு நகரத்துச் சார்லஸ் பீஸ்

எஃகுத் தொழிலாற் பேர்பெற்ற செப்பீல்டு நகரில் 1832-ஆம் ஆண்டு பிறந்த சார்லஸ் பீஸ் என்பானைப் பெரியோர் வரிசையில் வைக்க நாம் துணியோம். இளமையில் ஆலை விபத்தொன்றினாற் காலூனமுற்ற அவன், பிடில் வாசிப்பதில் வல்லவன். கன்னமிடுவதில் அதனினும் வல்லவன். இவை பலரும் அறிந்தனவே. நாம் கூறக் கருதியது வேறு.

1876 ஆகஸ்டில் மாஞ்செஸ்டர் நகரையடுத்து நிக்கலஸ் காக் என்னும் போலீஸ் சேவகரை அவன் சுட்டுக் கொன்றான். பழியோ வில்லியம் ஹாப்ரன் என்னும் 18 வயதுக் கூலியாள்மீது விழுந்தது. நவம்பரில் விசாரணை நடந்தபோது பீஸ் பார்வையாளருள் ஒருவனாய் அமர்ந்து, நிரபராதிக்கு மரணதண்டனை விதிக்கப்பட்டதைக் கேட்டிருந்தான், வாய் திறந்தானில்லை. மறுநாளே செப்பீல்டின் புறத்தே ஆர்தர் டைசன் என்பாரைச் சுட்டுக் கொன்று தலைமறைவானான். ஹாப்ரனது தண்டனை ஆயுட்சிறையாகக் குறைக்கப்பட்டது; அன்றேல் பின்வந்த உண்மையால் யாது பயன்?

1878-இல் இலண்டனிற் கன்னமிடுகையிற் பிடிபட்ட பீஸ், செப்பீல்டுக்குக் கொண்டுசெல்லப்படுகையில் புகைவண்டியினின்று குதித்தும் தப்பினானல்லன். டைசன் கொலைக்காகத் தூக்கு விதிக்கப்பட்ட பின்னரே, சேவகரைக் கொன்றவனும் தானே என ஒப்புக்கொண்டான். 1879 பெப்ரவரி 25-ஆம் நாள் லீட்ஸ் நகரத்து ஆர்ம்லி சிறையில் அவன் தூக்கிலிடப்பட்டான். ஹாப்ரன் விடுதலையடைந்தான். இழந்த ஈராண்டுகளுக்கு ஈடாக அரசினர் அவனுக்கு 800 பவுன் அளித்தனர்.