பாரஞ் சுமந்த படைத்தலைவர்: வில்லியம் டன்னர் சரித்திரம்

போர்க்களத்திற் புகழ்பெற்றோரைப் பாடுவது நம் முன்னோர் வழக்கம். ஆயிரம் யானைகளைக் கொன்று வென்ற வீரனுக்குப் பரணி பாடினர். மதிலை வளைத்தோன் உழிஞை சூடினான். மதிலைக் காத்தோன் நொச்சி சூடினான். ஆயினும், அப்படைகளுக்குச் சோறு கொண்டுசென்றவனைப் பாடினோர் மிகச் சிலரே. பாரதப் போரில் இருதிறத்தார்க்கும் பெருஞ்சோறு அளித்தானெனச் சேரமான் உதியஞ்சேரலாதனைப் புறநானூற்றுப் புலவர் போற்றியதே இவ்வகையில் முதற்கண் நம் நினைவிற்கு வருகின்றது. வாளெடுத்தவன் பெயர் நிலைபெற, மூட்டை சுமந்தவன் பெயர் மறைவது உலகியல்பு. இவ்வியல்பிற்கு மாறாக, பகைவர்மேற் குண்டெறிந்ததனால் அன்றி, பசித்தோர்க்கு மாவும் குளிர்ந்தோர்க்குக் கரியும் வானவழியே கொண்டுசேர்த்ததனாற் புகழ்பெற்ற ஒரு படைத்தலைவரின் சரித்திரத்தை நாம் இங்குக் கூறப் புகுகின்றோம். அவரே அமெரிக்க ஆகாயப் படையின் ஜெனரல் வில்லியம் டன்னர் என்பவர்.

இவர் 1906-ஆம் ஆண்டு ஜூலை மாதம் 14-ஆம் நாள் நியூ ஜெர்ஸி மாகாணத்து எலிஸபெத் நகரிற் பிறந்தார். பெற்றோர் ஆஸ்திரியா நாட்டினின்று குடியேறியவர். 1928-ல் வெஸ்ட் பாயிண்ட் இராணுவக் கல்லூரியில் தேர்ச்சிபெற்று, ஆகாயப் படையிற் சேர்ந்து விமானமோட்டப் பயின்றார். அக்காலத்தில் அப்படையினர் மதிப்பில் முதலிடம் பெற்றன போர் விமானமும் குண்டு விமானமுமே. சரக்கேற்றும் விமானத்தை ஓட்டுபவரை வண்டிக்காரரெனவே எண்ணினர். டன்னரோ அவ்வண்டித்தொழிலையே தம் வாழ்வின் கலையாக்கிக்கொள்ளும் ஊழுடையராயினார்.

1941-ஆம் ஆண்டு மே மாதத்தில், தொழிற்சாலைகளிற் செய்து முடிந்த விமானங்களைத் துறைமுகங்கட்கும் கடல்கடந்த நாடுகட்கும் ஓட்டிச்சென்று ஒப்படைப்பதற்கென அமெரிக்கர் தனியொரு துறை அமைத்தனர். மறு ஆண்டில் அதுவே ஆகாயப் போக்குவரத்துப் படைத்துறையென விரிந்தது. அதன்கண், உள்நாட்டில் விமானங்களைக் கொண்டுசேர்க்கும் பொறுப்பு டன்னரிடம் வந்தது. விமானிகள் போதாமையே அவரை வருத்திய பெருங்குறை. சிறு விமானத்தில் தொடங்கி, அதில் தேர்ந்தபின் அதனினும் பெரியதற்குச் செல்லும் படிமுறையொன்றை அவர் வகுத்தார். அந்நாளில், தம் அலுவலகத்து அதிகாரியொருவரின் மனைவி நாள்தோறும் தாமே விமானமோட்டி வேலைக்குச் செல்வதை அவர் கேள்வியுற்றார். நான்ஸி லவ் என்னும் அம்மாதரின் துணைகொண்டு, 1942 செப்டம்பரில் மகளிர் விமானமோட்டும் அணியொன்று எழுந்தது. பின்னர் விரிந்த அம்மகளிர் படை 1944 இறுதியிற் கலைக்கப்பட்டது. மகளிர்க்கு இஃது ஆகுமோ என ஐயுற்றோர் பலராக இருந்த காலத்தில், திறமையொன்றையே நோக்கிய டன்னரை நாம் பாராட்டாதிருத்தல் இயலாது.

1944-ல் அவருக்கு இந்திய நாட்டில் வேலை வந்தது. 1942-ல் ஜப்பானியர் பர்மாவைக் கைப்பற்றிச் சீனத்திற்குச் செல்லும் தரைவழியை அடைத்துவிட்டனர். அதனால் அஸ்ஸாம் விமானத்தளங்களினின்று இமயத்தின் கீழ்க்கோடி மலைகளைத் தாண்டிக் குன்மிங் நகர்க்குச் சரக்கனுப்ப வேண்டியதாயிற்று. அம்மலைத்தொடரை விமானிகள் திமில் என்று பெயரிட்டழைத்தனர். ஏறக்குறைய 500 மைல் தொலைவுள்ள அவ்வழியில் 15,000 அடிக்கு மேலுயர்ந்த முகடுகள் உண்டு. பருவமழையும், பனிக்கட்டியும், விமானத்தைத் தூக்கியெறியும் பேய்க்காற்றும் உண்டு. போர் முடிவதற்குள் அவ்வழியில் அழிந்த விமானங்கள் ஏறக்குறைய 600 எனக் கணக்கிடுகின்றனர். ஆயிரத்திற்கு மேற்பட்டோர் உயிர் துறந்தனர்.

செப்டம்பர் மாதத்தில் அங்குப் பொறுப்பேற்ற டன்னர், சரக்கேற்றிய விமானமொன்றைத் தாமே ஓட்டி அம்மலையைக் கடந்து பார்த்தார். அங்கு நிலவிய ஒரு வழக்கம் அவர் கருத்தை ஈர்த்தது. 650 மணிநேரம் பறந்து முடித்த விமானி தாய்நாடு திரும்பலாமென்பது அன்றைய விதி. வீட்டை நினைந்து ஏங்கிய இளைஞர், இரவு பகல் பாராது பறந்து, சில திங்களுக்குள்ளேயே அக்கணக்கை முடிக்க முயன்றனர். களைத்த கண்ணும் தளர்ந்த கையும் மலைமுகட்டில் மோதின. டன்னர் அவ்விதியை மாற்றி, 750 மணிநேரம் பறத்தலோடு ஓராண்டு தங்குதலும் வேண்டுமென ஆணையிட்டார். விமானிகள் கொதித்தனர். சாட்டையெடுத்த வில்லி என்று அவரைப் பழித்தனர். முகச்சவரம், அணிவகுப்பு, பாசறைத் தூய்மை ஆகியவற்றையும் அவர் வற்புறுத்தியது எரியுந் தீயில் எண்ணெய் வார்த்ததாயிற்று. ஆயின், அவர் செய்தவை இவை மட்டுமல்ல. மலேரியாக் கொசுவை ஒழிக்கத் தளங்களின்மேல் விமானத்தினின்று மருந்து தெளிப்பித்தார். ஒவ்வொரு விபத்தின் காரணத்தையும் ஆராய்வித்தார். பழுதுபார்க்கும் பணியைத் தொழிற்சாலை முறைப்படி பிரித்து, விமானத்தைப் பல நிலைகளில் வரிசையாக நகர்த்தி, ஒவ்வொரு நிலையிலும் ஒருவகை வேலையையே செய்வித்தார்.

விளைவு யாது? 1944 ஆகஸ்டில் ஏறக்குறைய 23,000 டன் சரக்கு சென்ற அவ்வழியில், 1945 ஜூலையில் 71,042 டன் சென்றது. பளு மூன்று மடங்காகியும் விபத்தின் விகிதம் பெரிதும் தாழ்ந்தது. 1945 ஆகஸ்டு முதல் நாளில் மட்டும் 1,118 பயணங்கள் நடந்தன, ஓருயிரும் இழக்கவில்லை. வெறுக்கப்பட்ட அவ்விதியினால் உயிர்பிழைத்தவர் இன்னாரென எவரும் பெயர்சுட்ட இயலாது. காப்பாற்றப்பட்டவன் தான் காப்பாற்றப்பட்டதை அறியான். தடுத்து நிறுத்தப்பட்டதையே அறிவான். கடமையிற் கண்டிப்புடையார் யாவர்க்கும் உள்ள துன்பம் இதுவே போலும். அஸ்ஸாம் தளங்களில் எண்ணெய்ப் பீப்பாய்களை விமானத்தில் ஏற்றுதற்கு யானைகளும் உதவின. பரணியில் யானைகள் மடிந்தன. இப்போரில் அவை பாரந் தூக்கின.

போர் முடிந்து நாடு திரும்பிய டன்னர்க்கு இல்லறத்தில் இன்பம் நெடிது நிற்கவில்லை. நெடுநாள் நோயுற்றிருந்த மனைவியார் 1947-ல் மறைந்தார். துயரை வேலையில் மறக்க முயன்ற அவரை, அடுத்த ஆண்டே உலகின் கண்முன் நிறுத்தியது பெர்லின் நகரம்.

ஜெர்மானியர் தோல்வியுற்றபின், பெர்லின் நகரை நான்கு வல்லரசுகள் பங்கிட்டுக்கொண்டன. அந்நகரோ ருஷியர் ஆட்சிக்குட்பட்ட நிலத்தின் நடுவே இருந்தது. 1948 ஜூன் 24-ஆம் நாள் ருஷியர் சாலையையும், இருப்புப்பாதையையும், கால்வாயையும் அடைத்தனர். மேற்குப் பகுதியில் வாழ்ந்த இருபது இலட்சத்திற்கு மேற்பட்ட மக்கள் உணவும் கரியுமின்றித் தவிக்கும் நிலை எய்திற்று. இருபது மைல் அகலமுள்ள மூன்று வான்வழிகளே எஞ்சின. இரண்டு நாள் கழித்து விமானங்கள் மாவும் பாலும் சுமந்து புறப்பட்டன. ஆர்வம் மிகுதி; ஒழுங்கோ குறைவு. கிடைத்த விமானத்தைக் கிடைத்த விமானி கிடைத்த நேரத்தில் ஓட்டினான். நாளொன்றுக்கு வேண்டியதோ 4,500 டன்.

ஜூலை 28-ஆம் நாள் டன்னர் ஜெர்மனி வந்துசேர்ந்தார். ஆகஸ்டு 13, வெள்ளிக்கிழமை. நகரத்து முதியவர் ஒருவர், மிகுதியான பயணங்கள் செய்த விமானிக்கென்று தம் பழைய பொற்கடிகாரத்தை ஈந்திருந்தார். அதனை வழங்கும் விழாவிற்கு டன்னர் பறந்து சென்றார். டெம்பல்ஹாப் தளத்தின்மேல் மேகம் கூரைகளைத் தொட்டது. மழை கண்ணை மறைத்தது. ஒரு விமானம் ஓடுபாதையைக் கடந்து சென்று தீப்பற்றியது. மற்றொன்றின் சக்கரங்கள் வெடித்தன. பின்வந்த விமானங்கள் இறங்க இடமின்றி, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வானில் வட்டமிட்டன. அவ்வட்டத்தில் டன்னரின் விமானமும் ஒன்று. மோதல் நேருமோ என அஞ்சிய அவர், தம்முடையது ஒழிந்த ஏனைய யாவும் வந்த வழியே திரும்புகவென வானொலியில் ஆணையிட்டார்.

அன்று இறங்கியபின் அவர் வகுத்த விதிகள் மிக எளியன. முதன்முறை இறங்கத் தவறிய விமானம் மறுமுறை முயலாது, சரக்கோடு திரும்பிவிட வேண்டும். வானம் தெளிந்திருப்பினும் கருவிகளை நோக்கியே ஓட்ட வேண்டும். மூன்று நிமிடத்திற்கு ஒரு விமானம் வேண்டும். ஒரே வேகமும் வேண்டும். மாட்டுவண்டியும் குதிரைவண்டியும் ஒரு சாலையிற் செல்லின் இரண்டிற்கும் இடையூறாதல் போல, வேகத்தில் வேறுபட்ட விமானங்கள் ஒருவழியிற் செல்லின் ஒழுங்கு கெடும். ஆதலின் மூன்று டன் ஏற்றும் சிறு விமானங்களை நீக்கி, பத்து டன் ஏற்றும் ஸி-54 விமானங்களையே இயன்றவரை வரவழைத்தார். இரு ஓரவழிகளில் வந்தவை நடுவழியில் திரும்பின. பெர்லினில் இறங்கிய விமானி தன் விமானத்தை விட்டு அகலுதல் கூடாது. வானிலை கூறுவோரும் சிற்றுண்டி வண்டியும் அவனை நாடி வந்தனர். ஒரு நாளில் உள்ள 1,440 நிமிடங்களில் ஒன்றையும் வீணாக்கலாகாதென்பதே அவர் கொள்கை. வீரச்செயலை அவர் விரும்பினாரல்லர். முரசொலி போல மாறாத தாளத்தையே விரும்பினார்.

விமானம் பழுதுபார்க்க ஆள் போதாதபோது, மூன்றாண்டுகளுக்கு முன் பகைவராயிருந்த ஜெர்மானியக் கம்மியரையே வேலைக்கு அமர்த்த இசைவு பெற்றார். மூன்றாவது தளமாகிய டேகலை மூன்றே திங்களில் அமைத்தோர் அந்நகர மக்களே. அவருள் மகளிர் பலர். குண்டு வீழ்ந்து இடிந்த கட்டடங்களின் கல்லே ஓடுபாதையாயிற்று. ஹால்வர்ஸன் என்னும் இளவிமானி, கைக்குட்டைகளைக் குடைபோற் கட்டி, வேலியருகே நின்ற சிறுவர்க்கு இனிப்பு எறிந்தான். இசைவின்றிச் செய்த அதனைத் தண்டிப்பாரென அவன் அஞ்சியிருக்க, கண்டிப்பிற்குப் பெயர்பெற்ற டன்னர் அதனை ஊக்கினார். சாட்டை பிடித்த கையிலும் ஈரம் இருந்தது. ஆங்கிலேயரும் தோளோடு தோள் நின்றனர். உப்புநீரால் கெடாத அவர்தம் நீர்விமானங்கள் ஹாவல் நீர்நிலையில் உப்புச் சுமந்து இறங்கின.

1949-ஆம் ஆண்டு ஈஸ்டர் திருநாள் நெருங்கியது. படையினர் சலிப்புற்றிருப்பதைக் கண்ட டன்னர், ஒருநாட் பந்தயமொன்றை ஏற்பாடு செய்தார். கரி ஒன்றையே ஏற்றுவித்து, ஒரு தளத்திற்குச் சென்று மற்றத் தளத்தார் முந்திவிட்டனரெனச் சொல்லி ஊக்கினார். ஏப்ரல் 15-ஆம் நாள் நண்பகல் தொடங்கி மறுநாள் நண்பகல் வரை 1,398 பயணங்களில் 12,941 டன் சென்றது, விபத்து ஒன்றுமில்லை. மே 12-ல் முற்றுகை நீங்கியது. செப்டம்பர் இறுதிவரை தொடர்ந்த அப்பணியில் ஏறக்குறைய 23 இலட்சம் டன் சரக்கு அந்நகர் சேர்ந்தது. அதற்கு விலையாக 101 பேர் உயிர் ஈந்தனர். முன்னாள் எந்நகர்மேற் குண்டு பொழிந்தனரோ, அந்நகர்க்கே உணவு சுமந்து அவர்தம் படையினர் மாண்டனர். இருதிறத்தார்க்கும் சோறளித்த சேரன் கதை இங்கு நம் உள்ளத்திற் தோன்றுவது இயல்பேயன்றோ!

எஞ்சிய வரலாற்றைச் சுருங்கக் கூறுவோம். 1950-ல் கொரியப் போரில் சரக்கு விமானப்படைக்கு அவரே தலைவர். அவ்வாண்டு டிசம்பரில் சோஸின் ஏரிப்பகுதியில் சீனராற் சூழப்பட்ட படையினர், பாலம் தகர்க்கப்பட்டமையால் வழியற்று நின்றனர். டன்னரின் விமானங்கள் பாலத்தின் பகுதிகளையே பெருங்குடை கட்டி இறக்கின. காயமுற்ற ஆயிரக்கணக்கானோரை அவை எடுத்து மீட்டன. அதே மாதத்தில் ஸியோல் நகரத்து அநாதைக் குழந்தைகள் ஏறக்குறைய ஆயிரவரும் விமானமேறித் தெற்கே தீவொன்றிற் சேர்ந்தனர். 1951-ல், முன்னர்த் தம் கீழ் விமானமோட்டிய மகளிருள் ஒருவரை அவர் மணந்தார். 1958-ல் அமெரிக்க இராணுவ ஆகாயப் போக்குவரத்துத் துறை முழுவதற்கும் தலைவரானார். பழைய விமானங்களால் பெரும்படையொன்றை விரைந்து கொண்டுசெல்லல் இயலாதென்பதை மெய்ப்பிக்க விரும்பிய அவர், 1960 மார்ச்சில் 21,000 துருப்பினரைப் போர்ட்டோ ரீக்கோவிற்குக் கொண்டுசென்று மீட்டழைக்கும் பயிற்சியை நடத்தினார். குறைகளைக் காணப் பத்திரிகையாளரையும் அழைத்தார். தன் துறையின் குறையைத் தானே ஊரறியக் காட்டும் துணிவு எளிதன்று. அவர் அவ்வாண்டே ஓய்வு பெற்றார். அவர் வேண்டிய புதுவகைச் சரக்கு விமானமோ, ஸி-141 என்னும் பெயரால், 1963 டிசம்பரில் வானேறியது. அவர் தலைமை தாங்கிய துறை 1966-லும் 1992-லும் பெயரும் உருவும் மாறியது. அவர் வகுத்த வழியை மறக்கவில்லை. 1983 ஏப்ரல் 6-ஆம் நாள் வர்ஜீனியாவில் அவர் மறைந்தார்.

டன்னர் குற்றமற்றவரென்று நாம் சொல்லோம். அவர் கடுமை பலர் உள்ளத்தைப் புண்படுத்தியது. எண்களை நோக்கிய கண் சிலவேளை மனிதரின் ஏக்கத்தை நோக்கவில்லை. எனினும், அவர் எண்ணிய எண்களுக்குப் பின்னே ரொட்டிக்குக் காத்திருந்த குழந்தையும், மலையில் மோதாது வீடு திரும்பிய மகனும் இருந்தனர். பெருஞ்செயலென்பது ஒருநாள் மின்னும் வீரமன்று; பல்லாயிரம் சிறுசெயல்கள் தவறாது தொடர்ந்து நடத்தலே என்பதை அவர் வாழ்வு காட்டுகின்றது. பரீட்சை நெருங்கும்போது மட்டும் இரவெல்லாம் விழித்திருந்து, ஏனைய நாட்களைக் கழியவிடும் நம்போன்ற மாணாக்கர்க்கு, மூன்று நிமிடத்திற்கு ஒன்றாக வந்திறங்கிய அவ்விமானங்களின் ஓசை ஒரு நல்ல மணியோசையாகுமென்று நம்புகின்றோம்.