எல்லிஸ் ஆர். டங்கன் (1909–2001)

தமிழ் மொழி அறியாமலே தமிழ்த் திரைப்படங்களை நெறிப்படுத்திப் புகழ்பெற்றவர் எல்லிஸ் ஆர். டங்கன். ஐக்கிய அமெரிக்காவின் ஒகையோ மாநிலத்திற் பிறந்த இவர், தென் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் திரைப்படக்கலை பயின்று, 1935இல் இந்தியாவுக்கு வந்தார்.

இவரது முதற் தமிழ்ப்படம் 1936இல் வெளிவந்த சதி லீலாவதி ஆகும். அதன் கதாநாயகன் இலங்கைக்குத் தப்பி வந்து, தேயிலைத் தோட்டத்தில் தொழிலாளியாக உழைக்கின்றான். கண்டியிற் பிறந்த எம். ஜி. இராமச்சந்திரன் திரையில் அறிமுகமானதும் இப்படத்திலேயே. நகைச்சுவை நடிகர் என். எஸ். கிருஷ்ணனும் இதில் நடித்தார்.

வசனங்களின் பொருளை உதவியாளர் மூலம் அறிந்துகொண்ட டங்கன், முகபாவத்திலும் கமராக் கோணத்திலும் கருத்தூன்றினார். அம்பிகாபதி (1937), சகுந்தலை (1940), மீரா (1945), மந்திரி குமாரி (1950) என்பன இவரது ஏனைய படங்களுட் சில.

அறியாததைப் பிறரிடம் கேட்டறியத் தயங்காமையே இவரது வெற்றிக்குக் காரணமாயிற்று.