மயிலாடி மகாராசன், வேதமாணிக்கம் ஆன கதை

நம் கோவளம் கடற்கரையில் நிற்கும் கார்மேல் மாதா கோயில் 1808இல் கட்டப்பட்டது. அதற்கு அடுத்த ஆண்டு, கன்னியாகுமரிக்கு அருகே மயிலாடியில் இன்னொரு கோயில் எழுந்தது. அது எழக் காரணமானவர் சாம்பவர் குலத்தில் பிறந்த மகாராசன். வேதமாணிக்கம் என்ற பெயரில் இன்று நாம் அறிவது இவரைத்தான்.

அன்று மயிலாடி திருவிதாங்கூர் அரசின் கீழ் இருந்தது. பறையரையும் புலையரையும் நிலத்தோடு சேர்த்து அடிமைகளாக விற்கவும் வாங்கவும் செய்த காலம் அது. கூலி இல்லாத ஊழிய வேலை, மூடிய கோயில் வாசல், நடக்கக்கூடாத தெரு எல்லாம் சேர்ந்ததுதான் அவர்களுடைய வாழ்க்கை.

மகாராசன் இயல்பிலேயே பக்திமான். உறவினர் ஒருவரை அழைத்துக்கொண்டு சிதம்பரத்துக்கு யாத்திரை போனார். அத்தனை தூரம் போயும், தீண்டாமை அவரைச் சன்னதிக்கு வெளியே நிறுத்தியது. அன்றிரவு கனவில் ஒரு பெரியவர் தோன்றி, திரும்பிப் போகச் சொன்னதாக மரபாகச் சொல்லி வருகிறார்கள்.

திரும்பும் வழியில் தஞ்சாவூரில் உறவினர் வீட்டில் தங்கினார். அங்கே கோயிலில் கோலாஃப் பாதிரியார் தமிழில் பேசியதைக் கேட்டார். வேதத்தைக் கற்று, ஞானஸ்நானம் பெற்று, வேதமாணிக்கம் ஆனார். புத்தகங்களோடு ஊர் திரும்பினார்.

இதற்குப் பிறகு அவர் செய்ததுதான் நாம் கவனிக்க வேண்டியது. மயிலாடியில் அப்போது பாதிரியாரும் இல்லை, கோயிலும் இல்லை. இருந்தது அவருடைய வீடு மட்டும்தான். அங்கே குடும்பத்தாரை உட்கார வைத்து வேதத்தை வாசித்துச் சொன்னார். எல்லோரும் சேர்ந்து ஜெபித்தார்கள். மெல்ல மெல்ல உறவினரும் அக்கம்பக்கத்தாரும் வந்தார்கள். எழுத்து யாருக்கு உரியது என்று ஊர் முடிவுசெய்து வைத்திருந்த காலத்தில், ஒரு சாம்பவர் வீட்டில் புத்தகம் திறந்தது. எதிர்ப்பும் கூடவே வந்தது. தொல்லை தாங்காமல் குடும்பங்களோடு தஞ்சைப் பக்கம் குடிபெயரவும் அவர் நினைத்தார்.

தங்களுக்கு ஒரு போதகர் வேண்டும் என்று கேட்டதும் அவர்தான். லண்டன் மிஷனைச் சேர்ந்த ரிங்கல்தௌபே 1806 ஏப்ரலில் மயிலாடி வந்து சேர்ந்தார். கோயில் கட்டத் திருவிதாங்கூர் அரசு எளிதில் அனுமதி தரவில்லை. 1809இல் கோயில் எழுந்தது. அதே ஆண்டில் பள்ளியும் தொடங்கியது. நாகர்கோவில் ஸ்காட் கிறிஸ்தவக் கல்லூரி தன் தொடக்கமாகச் சொல்வது அந்தப் பள்ளியைத்தான். 1816இல் ரிங்கல்தௌபே புறப்பட்டபோது சபைகளை வேதமாணிக்கத்தின் கையில் ஒப்படைத்தார். அடுத்து மீட் ஐயர் வரும்வரை அவரே அவற்றைக் காத்தார். 1827இல் காலமானார். திருவிதாங்கூரில் அடிமைமுறை ஒழிந்தது 1855இல்தான். அதைப் பார்க்க அவர் இல்லை.

மதம் மாறியதால் சாதி அவர் மக்களை விட்டுவிடவில்லை. 1950ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணை பட்டியல் சாதித் தகுதியை இந்துக்களுக்கு மட்டும் என்று வரையறுத்தது. 1956இல் சீக்கியரும் 1990இல் பௌத்தரும் சேர்க்கப்பட்டார்கள். தலித் கிறிஸ்தவர்கள் இன்றும் வெளியேதான் நிற்கிறார்கள். மனுக் கொடுத்தும் வழக்குப் போட்டும் அவர்கள் கேட்டுக்கொண்டிருப்பது உள்ளே வர ஒரு வாசல். சிதம்பரத்தில் வேதமாணிக்கத்துக்குக் கிடைக்காமல் போனதும் அதுதான்.