மூணு மாசத்துக்கு சென்னை வந்தவர், 'எதிரி நாட்டவர்' ஆனது எப்படி? மரியா மாண்டிசோரியின் அடையாறு நாட்கள்

அடையாறு, மயிலாப்பூர், தி.நகர் என எந்தப் பக்கம் போனாலும் ஒரு 'மாண்டிசோரி' போர்டு கண்ணில் படும். ஆனால் அந்தப் பெயருக்குச் சொந்தக்காரர் நம்ம அடையாறிலேயே வாழ்ந்தவர் என்பதும், இங்கே பிரிட்டிஷ் அரசின் கட்டுப்பாட்டில் இருந்தவர் என்பதும் பலருக்குத் தெரியாது.

யார் இந்த மாண்டிசோரி?

1870 ஆகஸ்ட் 31-ல் இத்தாலியின் கியாரவல்லே ஊரில் பிறந்தார். பெண்கள் டாக்டருக்குப் படிப்பதே அபூர்வமாக இருந்த காலத்தில், 1896-ல் ரோமில் மருத்துவப் பட்டம் வாங்கினார். மனநலப் பிரிவில் வேலை பார்த்தபோது, 'இவங்களுக்குப் படிப்பு வராது' என்று ஒதுக்கப்பட்ட குழந்தைகளைப் பார்த்தார். கைகளுக்கு வேலை கொடுத்தால் அவர்களும் கற்றுக்கொள்வார்கள் என்பதைச் செய்து காட்டினார்.

1907 ஜனவரி 6. ரோமின் சான் லொரென்சோ பகுதியில், கூலித் தொழிலாளர்களின் பிள்ளைகளுக்காக 'குழந்தைகள் இல்லம்' தொடங்கினார். குழந்தை உயரத்துக்கு மேசை, நாற்காலி. எந்த வேலையை எடுப்பது என்பது குழந்தையின் விருப்பம். பரிசும் இல்லை, தண்டனையும் இல்லை. இன்று வசதியானவர்களின் பள்ளி என்று பேர் வாங்கியிருக்கும் இந்த முறை, ஏழைப் பிள்ளைகளிடம்தான் ஆரம்பித்தது.

அமைதி பற்றி ஏன் பேசினார்?

1920-களில் இத்தாலியின் சர்வாதிகாரி முசோலினி இவருடைய பள்ளிகளுக்கு ஆதரவு தந்தார். மாண்டிசோரியும் அதை ஏற்றுக்கொண்டார். அவர் மீது இன்றும் வைக்கப்படும் விமர்சனம் இது. ஆனால் அந்த உறவு நீடிக்கவில்லை. 1930-களில் இத்தாலியில் அவருடைய பள்ளிகள் மூடப்பட்டன. ஹிட்லரின் ஜெர்மனியிலும் அதே நிலைதான். 1936-ல் உள்நாட்டுப் போர் வெடித்ததும், பல வருஷம் வாழ்ந்த ஸ்பெயினை விட்டும் கிளம்பி, நெதர்லாந்தில் குடியேறினார்.

இந்தக் காலத்தில்தான் ஐரோப்பா முழுக்கப் போய் அமைதியைப் பற்றிப் பேசினார். அவர் வாதம் சிம்பிள். போரை நிறுத்துவது அரசியல்வாதிகள் வேலை. ஆனால் அமைதியை உருவாக்குவது கல்வியின் வேலை. பக்கத்து பெஞ்ச் குழந்தையை முந்தணும் என்று சின்ன வயசிலேயே பழக்கினால், பெரியவனானதும் பக்கத்து நாட்டையும் அப்படித்தான் பார்ப்பான்.

அடையாறில் நடந்தது என்ன?

பிரம்மஞான சபையின் தலைவர் ஜார்ஜ் அருண்டேலும், கலாக்ஷேத்ராவை நிறுவிய ருக்மிணி தேவியும் அழைத்ததால், 1939 நவம்பரில் மகன் மரியோவுடன் அடையாறு வந்தார். அப்போது வயது 69. ஆசிரியர் பயிற்சிக்குச் சுமார் 300 பேர் திரண்டார்கள். அவர் இத்தாலிய மொழியில் பேச, மரியோ ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். மூணு மாசப் பயிற்சி, முடிந்ததும் ஊருக்குத் திரும்புவது. இதுதான் பிளான்.

1940 ஜூனில் இத்தாலி ஜெர்மனியோடு சேர்ந்து போரில் குதித்தது. பிரிட்டிஷ் இந்தியாவில் இருந்த இத்தாலியர்கள் ராத்திரியோடு ராத்திரியாக 'எதிரி நாட்டவர்' ஆனார்கள். மரியோவை அகமத்நகர் முகாமில் அடைத்தார்கள். மாண்டிசோரி அடையாறு வளாகத்தை விட்டு வெளியே போகத் தடை.

இதில் இன்னொரு வலியும் உண்டு. மரியோ 1898-ல், திருமணத்துக்கு வெளியே பிறந்தவர். ஊருக்குப் பயந்து வேறொரு குடும்பத்திடம் வளரக் கொடுக்கப்பட்டவர். பல வருஷம் வெளியுலகுக்கு 'உறவுக்காரப் பையன்' என்றே அறிமுகமானவர். 1940 ஆகஸ்ட் 31, மாண்டிசோரியின் 70-வது பிறந்தநாள். அன்று வைஸ்ராயிடமிருந்து தந்தி வந்தது: மரியோ விடுதலை. அதில் அவர் 'மகன்' என்றே குறிப்பிடப்பட்டிருந்தார்.

இங்கே என்ன சாதித்தார்?

1946 வரை நாட்டை விட்டுப் போக முடியவில்லை. ஆனால் சும்மா இருக்கவில்லை. கொடைக்கானலில் வெவ்வேறு வயதுக் குழந்தைகளை ஒன்றாக வைத்துப் பள்ளி நடத்தினார். பெரிய குழந்தை சின்னதுக்குச் சொல்லிக்கொடுக்கும்; அங்கே யாருக்கும் யாரும் போட்டி இல்லை. அகமதாபாத், கராச்சி, இலங்கை என்று பயணம் செய்து, ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆசிரியர்களுக்குப் பயிற்சி தந்தார்.

6 முதல் 12 வயதுப் பிள்ளைகளுக்கான 'பிரபஞ்சக் கல்வி' முழு வடிவம் பெற்றதும் கொடைக்கானலில்தான். நம்ம ஊர் உதாரணத்தில் சொன்னால், தட்டில் இருக்கும் இட்லிக்குப் பின்னால் மழை, மண், விவசாயி, லாரி டிரைவர் என்று எத்தனையோ பேரின் உழைப்பு இருக்கிறது. முன்பின் தெரியாதவர்களை நம்பித்தான் வாழ்கிறோம் என்று புரிந்த குழந்தைக்கு, வேறு நாட்டுக் குழந்தை அந்நியமாகத் தெரியாது. இதுதான் அவருடைய நம்பிக்கை.

அவருடைய முக்கியமான புத்தகங்களில் ஒன்றான 'தி அப்சார்பென்ட் மைண்ட்' 1949-ல் வெளியானது அடையாறிலிருந்து. 1949, 1950, 1951 என மூன்று முறை அமைதிக்கான நோபல் பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டார், கிடைக்கவில்லை. 1952 மே 6-ல் நெதர்லாந்தில் காலமானார்.

பெற்றோர் கவனிக்க வேண்டியது

போர்டில் பெயர் இருந்தால் மட்டும் அது மாண்டிசோரி பள்ளி ஆகிவிடாது. அட்மிஷனுக்குப் போகும்போது ஃபீஸோடு சேர்த்து இதையும் கேளுங்கள்: வகுப்பில் வெவ்வேறு வயதுக் குழந்தைகள் ஒன்றாக இருக்கிறார்களா? என்ன வேலை செய்வது என்பதைக் குழந்தையே தேர்ந்தெடுக்க முடியுமா? ரேங்க், பரிசு என்று இப்போதே ஓட விடுகிறார்களா? மகனை முகாமுக்கு அனுப்பிவிட்டும் அமைதியைச் சொல்லிக்கொடுத்தவரின் பெயர் அது. பதிலைக் கேட்டுவிட்டு ஃபார்ம் வாங்கலாம்.