பட்டம் பெறாத ஒரு பழைய மாணவி

எமது பாடசாலையின் பழைய இடாப்புகளில் இடைநடுவே நின்றுபோன பெயர்கள் பல உள்ளன. நூற்றாண்டு மலருக்கு ஒரு பெண் கலைஞரைப் பற்றி எழுத முனைந்தபோது, படிப்பை முடிக்க விடப்படாத ஒருவரையே தெரிந்தெடுத்தோம்.

சிற்பி எட்மோனியா லூயிஸ் 1844 அளவில் அமெரிக்காவின் நியூயோர்க் மாநிலத்தில் பிறந்தார். தந்தை கறுப்பினத்தவர், தாய் ஒஜிப்வே பழங்குடி வழிவந்தவர். சிறுவயதிலேயே இருவரையும் இழந்த தங்கையை, கலிபோர்னியாவுக்குப் பொருள் தேடிப்போன தமையன் படிப்பித்தார்.

ஒபர்லின் கல்லூரி கறுப்பினத்தவரையும் பெண்களையும் சேர்த்துக்கொண்டது. அக்காலத்தில் அது அரிது. ஆயினும் 1862 இல், உடன் தங்கிய இரு மாணவியருக்கு நஞ்சு கலந்த பானம் கொடுத்தார் என்ற பழி எட்மோனியா மீது விழுந்தது. விசாரணைக்கு முன்னரே சிலர் அவரை இழுத்துச் சென்று அடித்து, குளிரில் வயலிலே போட்டுவிட்டுப் போனார்கள். வழக்கில் அவர் விடுவிக்கப்பட்டார். அடுத்த ஆண்டு ஓவியப் பொருட்களைத் திருடினார் என்று இன்னொரு குற்றச்சாட்டு, அதற்கும் சான்றில்லை. கல்லூரியோ இறுதித் தவணைக்கு அவரைப் பதிய விடவில்லை.

பொஸ்டன் சென்று சிற்பம் பழகினார். உள்நாட்டுப் போரில் கறுப்பினப் படையணியை நடத்தி உயிர்நீத்த கேணல் ஷோவின் மார்பளவுச் சிலையைச் செய்து, சாந்தில் வார்த்த அதன் பிரதிகளை விற்று உரோமாபுரிக்கு வழி தேடிக்கொண்டார். அங்கே சிற்பிகள் களிமண்ணில் மாதிரி செய்துவிட்டு, சலவைக்கல்லில் செதுக்கும் வேலையைத் தொழிலாளரிடம் விடுவது வழக்கம். எட்மோனியா பெரும்பாலும் தாமே உளி பிடித்தார். பிறர் செய்தது என்று சொல்ல ஊருக்கு இடம் கொடுக்கலாமா? பழி சுமந்து பழகிய கை அது.

விலங்கறுந்த ஆணும் பெண்ணுமாக அவர் வடித்த சிலை 1867 இல் நிறைவுற்றது. உல்லாசப் பயணிகள் அவருடைய சிற்பக்கூடத்தைத் தேடிவந்தனர். சிலையைவிடச் சிற்பியைப் பார்க்கவே வந்தவர்களும் அவர்களுள் இருந்திருப்பார்கள் என்றே எண்ணுகிறோம்.

1876 பிலடெல்பியா கண்காட்சியில் ஒரு தொன்னுக்கு மேற்பட்ட எடையுள்ள அவரது கிளியோபாத்ரா வைக்கப்பட்டது. அரசி அழகாகச் சாய்ந்திருக்கவில்லை, இறந்தே கிடந்தாள். பார்த்தவர்கள் திகைத்தார்கள். பின்னர் இரசனை மாறியது. வெள்ளைச் சலவைக்கல்லை விட்டு வெண்கலத்துக்குப் போனது உலகம். கிளியோபாத்ரா சிக்காகோவில் ஒரு மதுச்சாலையில் நின்றாள். பிறகு அதே பெயர்கொண்ட பந்தயக் குதிரை ஒன்றின் கல்லறைக்குக் காவலானாள். ஈற்றில் ஒரு களஞ்சிய முற்றத்தில் கிடந்தாள். இன்று வாஷிங்டனில், ஸ்மித்சோனியன் அமெரிக்கக் கலை அரும்பொருளகத்தில் இருக்கிறாள்.

எட்மோனியா 1907 இல் இலண்டனில் காலமானார். அவரது கல்லறையில் பெயர் பொறித்த கல் 2017 இல்தான் வைக்கப்பட்டது. ஒபர்லின் கல்லூரி அவருக்குரிய பட்டச் சான்றிதழை 2022 இல் வழங்கியது.